கடிதங்களால் ஒரு படம்

குறும்படம் எடுக்கும் தம்பி தங்கைகள் எல்லாரும் காட்சிக் கலைஞர் மோனா ஹாட்டூமின் 'மெஷர்ஸ் ஒஃப் டிஸ்ரன்ஸ்' பார்க்கவேண்டும். இவர் பெய்ரூத்தில் பலஸ்தீனக் குடும்பமொன்றில் பிறந்தவர். 1975இல் லண்டன் போயிருந்த நேரம் லெபனானில் உள்நாட்டுப் போர் தொடங்க, திரும்ப வழியில்லாமல் அங்கேயே தங்கிவிட்டார். எங்கள் வீடுகளிலும் இப்படி ஆட்கள் இருக்கிறார்கள்தானே.

1988இல் வந்த இந்த வீடியோ 15 நிமிடம்தான், நடிகர் யாரும் இல்லை. தன் தாய் குளிக்கும்போது மோனா 1981இல் எடுத்த புகைப்படங்கள், அவற்றின் மேல் தாய் அனுப்பிய கடிதங்களின் அரபுக் கையெழுத்து, முள்வேலி மாதிரி வரிவரியாக. முதலில் என்ன உருவம் என்றே விளங்காது, மெல்ல மெல்லத்தான் அது ஒரு அம்மா என்று பிடிபடும். பின்னால் இருவரும் அரபியில் சிரித்துச் சிரித்துக் கதைக்கும் ஒலிப்பதிவு ஓட, அதற்கு மேலே மகள் அதே கடிதங்களை ஆங்கிலத்தில் நிதானமாக வாசிக்கிறார். கடைசிக் கடிதத்தில், அங்குள்ள தபாலகம் கார்க் குண்டில் அழிந்துவிட்டது என்று தாய் எழுதுகிறார். செஞ்சிலுவைச் சங்கம் மூலம் கடிதம் வந்த காலத்தைப் பார்த்த யாழ்ப்பாணத்து ஆட்களுக்கு அந்த வரி எப்படி இருக்கும் என்று நான் சொல்லத் தேவையில்லை.

நினைவு என்றவுடன் நாங்கள் சோக இசை போட்டு அழவைக்கிறோம். இங்கே அந்தச் சிரிப்புத்தான் ஆளை உலுக்குகிறது.

வெளிநாட்டிலிருந்த பிள்ளைகளுக்கு என்று குரல் பதிந்த கசெற்றுகள் உங்கள் அலுமாரியில் கிடந்தால், பூஞ்சணம் பிடிக்க முதல் கணினிக்கு மாற்றிவிடுங்கள். அப்புறம் படத்தைப் பற்றி யோசிக்கலாம்.