காலக் காவலர்களிடம் சாவி வாங்கப் பட்ட பாடு

ஒருவழியாக வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் ஆன்லைன் விளையாட்டின் 'கீ ஆஃப் டைம்' சாவி என் பையில் விழுந்துவிட்டது. சந்தோஷத்தைவிட எரிச்சல்தான் இன்னும் அதிகமாக இருக்கிறது. விளையாட்டின் பழைய வடிவமான கிளாசிக்கில் பர்னிங் க்ரூசேட் விரிவாக்கத்தை இப்போதுதான் தொடங்கியிருப்பவர்கள் இதைப் படித்துவிட்டு டனாரிஸ் பாலைவனத்துக்குக் கிளம்பினால் சில ராத்திரிகள் மிச்சமாகும்.

வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் ஆடுகிறவர்களுக்குக் 'கீப்பர்ஸ் ஆஃப் டைம்' பற்றி நீட்டிச் சொல்ல வேண்டியதில்லை. நோஸ்டோர்மு பொறுக்கியெடுத்த வெண்கல டிராகன்கள். பாலைவனத்துக் குகைக்குள் மனித வேடமும் எல்ஃப் வேடமும் போட்டு உட்கார்ந்துகொண்டு, நடந்த சரித்திரம் நடந்தபடியே இருக்கிறதா என்று காவல் காக்கிறார்கள். இன்ஃபினிட் டிராகன்கள் வந்து அதைக் கலைக்கப் பார்க்கும். தடுக்கும் வேலை நம் தலையில். அவர்களிடம் நம் மதிப்பு 'ரெவர்ட்' என்கிற உயர்ந்த படி வரை ஏறினால்தான் ஹீரோயிக் (கடினமான ஆட்டமுறை) சாவியைக் கண்ணில் காட்டுவார்கள். 2007இல் முதலில் இருந்த விதி இது. அதே வருடம் 2.3 பேட்ச்சில் அதற்கு ஒரு படி கீழான 'ஹானர்ட்' போதும் என்று இறக்கினார்கள். நான் ஏறியது பழைய ஏணியில்.

முதல் வேலை, 66ஆம் லெவலில் குகை வாசலில் இருக்கும் ஸ்டூவர்ட் ஆஃப் டைமிடம் பேசுவது. அவர் உள்ளே இருக்கும் ஆண்டோர்முவிடம் போகச் சொல்வார், ஆண்டோர்மு கஸ்டோடியன் என்று ஒருவரை நம்முடன் அனுப்புவார். மனுஷன் குகையைச் சுற்றிக்காட்டிக்கொண்டே ஆடி அசைந்து நடப்பார். அவரை முந்திக்கொண்டு ஓடாதீர்கள். காலத்துக்கே காவல் என்றாலும் அவருக்கு எந்த அவசரமும் கிடையாது.

அடுத்தது ஓல்ட் ஹில்ஸ்பிராட், ஐந்து பேர் குழுவாகப் போகும் முதல் டன்ஜன். உள்ளே போனதும் எல்லாருக்கும் மனித உருவம் வந்துவிடும், பயப்பட வேண்டாம். எரோசியனிடம் தீக்குண்டுப் பொதியை வாங்கிக்கொண்ட பிறகுதான் பிரேசன் என்கிற டிராகனிடம் போக வேண்டும். பொதி இல்லாமல் போனால் ஏற்றிக்கொள்ள மாட்டார். எங்கள் குழுவில் ஒருவர் அவர் முன்னால் நின்றுகொண்டு "பக் ஆயிடுச்சு, பக் ஆயிடுச்சு" என்று கத்திக்கொண்டிருந்தார். நாங்கள் நால்வரும் டர்ன்ஹோல்ட் கோட்டையில் இறங்கிக் காத்திருந்தோம்.

ஐந்து கொட்டடிகளையும் கொளுத்துவது சுலபம். தலைவலி, நாம் சிறைமீட்கப் போகும் த்ராலால் வருகிறது. காப்பாற்ற வந்தவர்கள் பின்னால் வருகிறார்களா என்று ஒரு தடவைகூடத் திரும்பிப் பார்க்காமல் எதிரிக் கூட்டத்துக்குள் பாய்வார். காயம் ஆற்றும் ஹீலரிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள்: முன்னால் நின்று அடி வாங்கும் டேங்கைப் பார்ப்பதுபோல த்ராலையும் பார்க்க வேண்டும். எதிரித் தளபதி ஸ்கார்லாக் செத்ததும் அவனுடைய குதிரையில் ஏறி த்ரால் தன் பாட்டுக்குப் போய்விடுவார், நாம்தான் பின்னாலேயே விரட்டிக்கொண்டு போக வேண்டும். இப்போதெல்லாம் இந்தக் கட்டத்தில் யாராவது தண்ணீர் குடிக்க எழுந்து போனால் எனக்குக் கோபம் வருகிறது.

கடைசி எதிரி எபோக் ஹன்ட்டர் விழுந்த கையோடு எல்லாரும் ஊருக்குத் திரும்பும் மந்திரக் கல்லைத் தேய்த்துவிடுவார்கள். அங்கேதான் வினையே. குகைக்குத் திரும்பி ஆண்டோர்முவிடம் 'ரிட்டர்ன் டு ஆண்டோர்மு' என்கிற க்வெஸ்டை (பணியை) ஒப்படைத்தால்தான் அடுத்த டன்ஜனான பிளாக் மொராஸின் கதவு திறக்கும். குழுவில் ஒருவர் முடித்திருந்தால் போதாது, ஒவ்வொருவரும் முடித்திருக்க வேண்டும். ஒரு சனிக்கிழமை ராத்திரி டேங்க் கிடைக்க வெகுநேரம் காத்திருந்து, ஐந்து பேரும் பாலைவனத்தைக் கடந்து வந்து சேர்ந்த பிறகு, அந்த டேங்க் மட்டும் வெளியே நிற்கிறார். "நான் ஹில்ஸ்பிராட் பண்ணிட்டேனே" என்கிறார். பண்ணியிருக்கிறார், ஒப்படைக்கவில்லை. அந்த க்வெஸ்டையே எப்போதோ அழித்துவிட்டிருக்கிறார். அன்றைக்கு அத்தோடு சரி. அதற்கப்புறம் குழு சேர்க்கும்போதே "ஆண்டோர்முகிட்ட ஒப்படைச்சாச்சா?" என்று கேட்காமல் யாரையும் எடுப்பதில்லை. சிலர் கோபித்துக்கொண்டு விலகுகிறார்கள், போகட்டும்.

பிளாக் மொராஸில் மெடிவ் என்கிற மந்திரவாதி டார்க் போர்ட்டல் எனும் மாயவாசலைத் திறந்து முடிக்கும்வரை அவருடைய கவசம் உடையாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். மொத்தம் 18 காலப் பிளவுகள். 6ஆவதில் க்ரோனோ லார்ட் டேஜா, 12இல் டெம்போரஸ், 18இல் ஏயோனஸ். ஒரு பிளவின் காவலனைக் கொல்லத் தாமதமானால் அதற்குள் அடுத்தது வேறு பக்கம் திறந்துவிடும், தம்பிடிக்க நேரம் கிடைக்காது.

இங்கே இரண்டு விஷயம். உள்ளே நுழைந்ததும் சாட் என்பவரிடம் பேசி ஆளுக்கொரு க்ரோனோ பீக்கன் வாங்கிக்கொள்ளுங்கள். நெருக்கடியில் உதவிக்கு ஒரு டிராகனை அழைக்கலாம். இலவசமாகக் கொடுப்பதைக்கூட வாங்காமல் ஓடுகிறவர்கள் எத்தனை பேர் தெரியுமா? இரண்டாவது, மெடிவ் பக்கத்தில் போனாலே நிகழ்வு தொடங்கிவிடும். நான் மேஜ் (மந்திரவாதி), எல்லாருக்கும் தண்ணீர் வரவழைத்துக் கொடுத்துக்கொண்டிருந்தபோது ரோக் (பதுங்கித் தாக்குகிறவர்) ஒருவர் "சும்மா பார்த்துட்டு வர்றேன்" என்று போனார். தண்ணீர் பாதிப் பேருக்குத்தான் போய்ச் சேர்ந்திருந்தது. முதல் பிளவு திறந்துவிட்டது.

ஆனால் அந்த ஆட்டம் தோற்றது ரோக்கால் இல்லை. டெம்போரஸ் டேங்குக்குப் போடும் காயம் அடுக்கடுக்காக ஏறி, ஹீல் பிடிப்பதையே குறைத்துவிடும். எங்கள் ஹீலர் இரண்டு முறை "லாக் அடிக்குது" என்று எழுதினார், அப்புறம் ஒரு வார்த்தை சொல்லாமல் குழுவைவிட்டே போய்விட்டார். ஹீலர் இல்லாமல் அடுத்தடுத்த பிளவுகளைச் சமாளிக்க முடியவில்லை. கவசம் நூறிலிருந்து வழிந்துகொண்டே போனதை நின்று பார்த்தோம். நம் ஊரிலிருந்து ஆடுகிற எல்லாருக்கும் பிங் இழுக்கத்தான் செய்கிறது, யாரிடம் இல்லை லாக்?

நன்றாக நடந்தது ஒரு ஞாயிறு காலையில், அப்போது பின்னிரவுக் கூட்டம் இல்லை. டேங்கும் ஹீலரும் அண்ணன் தம்பி, ஒரே வீட்டில் உட்கார்ந்து ஆடுகிறவர்கள். ஒருவர் திட்டினால் அடுத்தவர் சிரிப்பார், குழு கலையாது. மெடிவ் பக்கத்தில் ஒரு ஹன்ட்டரை (வேட்டைக்காரரை) நிறுத்தினோம், பிளவுக்கு மற்ற நால்வரும் ஓடினோம். ஏயோனஸ் விழும்போது கவசம் பாதிக்கு மேலேயே இருந்தது. அவர்களுடனே திரும்பத் திரும்ப ஓடித்தான் ரெவர்ட் ஏறியது. காலக் காவலர்களின் கடைக்காரர் அலுர்மி ஒரு கேள்வியும் கேட்காமல் சாவியை விற்றார். டேங்க் ஆடுகிறவர்கள் அங்கேயே தலைக்கவசத்துக்கு வலுவூட்டும் கிளிஃபையும் பார்த்துவிட்டு வாருங்கள், அதற்கும் ரெவர்ட்தான் கேட்கிறார்கள்.

கராஸான் என்கிற பெரிய கோபுர டன்ஜனுக்குப் போக நினைப்பவர்களுக்கு இன்னொன்று, அதற்கும் தனிச் சாவி வேண்டும். ஷேடோ லேபிரிந்த், ஸ்டீம்வால்ட், ஆர்கட்ராஸ் டன்ஜன்கள் மூன்றிலும் சாவித் துண்டுகளை எடுத்து, காட்கார் என்கிற மந்திரவாதியிடம் 'மாஸ்டர்ஸ் டச்' க்வெஸ்டை வாங்கிக்கொண்ட பிறகு பிளாக் மொராஸ் போங்கள். முன்னாடியே போய் முடித்தால் அதற்காகவே இன்னொரு முறை ஓட வேண்டும். ஏயோனஸ் செத்ததும் பொருளைப் பங்கு போட்டுக்கொண்டே வெளியேறிவிடாமல், மெடிவிடம் போய்ப் பேசுங்கள். அந்தச் சாவியைச் சரிசெய்து தருகிறவர் அவர்தான்.