மழையைச் செலவழித்த கிழவர்

கோத்தகிரியில் நான் குடியிருக்கும் வீட்டுக்குத் தகர ஷீட் கூரை. கூடலூர், தேவாலா பக்கமெல்லாம் ஆனி, ஆடியிலேயே நனைந்து முடித்துவிடும். எங்கள் பக்கத்துக்கு ஐப்பசி, கார்த்திகையில்தான் மழை உறைக்கும். குரல் பதிவு வேலை சரியாக அப்போது பார்த்து வந்து சேர்ந்தது.

ஒரு வீடியோ கேமுக்குத் தமிழ் வசனம் எழுதிக் கொடுத்து, குரலும் பதிந்து அனுப்ப வேண்டும். கதையில் ஒரு மந்திரவாதிகள் கூட்டம் வருகிறது. கோல், தாயத்து, மை எதுவும் கிடையாது. வாயால் சொன்னால் நடக்கும். கம்பெனி அனுப்பிய எக்ஸெல் ஷீட்டில் அந்தக் கூட்டத்துக்கு 'கில்டு' என்று மொட்டையாகப் போட்டிருந்தது. நமக்கென்ன பெயர்ப் பஞ்சமா? மணிக்கிராமம், அஞ்சுவண்ணம், ஐந்நூற்றுவர் என்று பழைய வணிகக் குழுக்கள் கல்வெட்டுகளில் வரிசையாக நிற்கின்றன. மணிக்கிராமத்தார் பெயர் தாய்லாந்தின் தகுவா பா கல்வெட்டு வரை போயிருக்கிறது. அந்தச் சாயலில் 'சொற்கிராமம்' என்று வைத்தேன். மேலிடத்திலிருந்து ஆட்சேபம் வரவில்லை. யாரும் படிக்கவில்லையோ என்னவோ.

பெயர் சுலபம். மந்திரம்தான் படுத்தியது. முதலில் ஹ்ரீம், க்ரீம் என்று எழுதி, நானே மைக்கில் பேசிக் கேட்டேன். பேய்ப் படக் காமெடி மாதிரி இருந்தது. அடுத்து "எழுக கனலே, சூழ்க சுடரே" என்று செந்தமிழில் இறங்கினேன். பள்ளி ஆண்டு விழாவில் அட்டைக் கிரீடம் வைத்த ராஜா பேசுகிற மாதிரி ஆயிற்று.

'நிறைமொழி மாந்தர் ஆணையிற் கிளந்த மறைமொழி தானே மந்திரம் என்ப' என்ற தொல்காப்பிய வரியைக் கல்லூரியில் மதிப்பெண்ணுக்காக உருப்போட்டதுண்டு. இந்த வேலையில் மாட்டிக்கொண்ட பிறகுதான் அதன் முதல் இரண்டு சொற்களைக் கவனித்தேன். ஆளைச் சொல்லிவிட்டுத்தான் தொல்காப்பியர் சொல்லுக்கே வருகிறார். நான் இத்தனை நாளும் ஆளை விட்டுவிட்டுச் சொல்லைப் போட்டுத் தேய்த்துக்கொண்டிருந்திருக்கிறேன்.

அப்புறம் விலை என்று ஒன்று இருக்கிறதே. வேதாரண்யத்துக் கதவு கதை தெரிந்ததுதான். திறக்கச் சொல்லி அப்பர் பதிகம் முழுக்கப் பாடியும் கதவு தாமதிக்கிறது. "இரக்கம் ஒன்றிலீர்" என்று கடைசியில் மன்றாடிய பிறகே திறக்கிறது. மூடுவதற்குச் சம்பந்தருக்கு ஒரே பாட்டு போதுமாயிருந்தது. சின்ன வயதில் இதைக் கேட்டபோது, பெரியவரை இப்படிக் காக்க வைக்கலாமா என்று எனக்குக் கோபம் வந்தது. இப்போது அதிலிருந்து ஒரு விதி கிடைத்தது. சொற்கிராமத்தில் ஒரு சொல்லை மந்திரமாக ஒருமுறை சொன்னால், அந்தச் சொல் சொன்னவரிடமிருந்து போய்விடும். 'தீ' என்று சொல்லி ஊரைக் காப்பாற்றியவள், அதன் பிறகு தன் வீட்டு அடுப்பைக் காட்டி, "அது எரியுது பாரு" என்றுதான் சொல்ல முடியும். மந்திரம் அதிகம் தெரிந்த மூத்தவர்கள் பாதி ஊமைகளாக இருப்பார்கள்.

கம்பெனியில் இந்த வேலையை மேற்பார்த்த லீடுக்கு இது பிடிக்கவில்லை. விளையாடுகிறவர்களுக்குப் புரியாது, மந்திரம் என்றால் சத்தமாக, நீளமாக இருக்க வேண்டும் என்றார். நான் இங்குள்ள பழங்குடிகளான தோடர்களைச் சொன்னேன். ரிவர்ஸ் என்ற மானுடவியலாளர் 1901-02இல் இந்த மலையில் வந்து தங்கி அவர்களைப் பற்றி எழுதியிருக்கிறார். பால் பண்ணையே கோயிலாக இருக்கும் பால்கோயிலில் பூசாரி சொல்லும் வழிபாட்டில் ஊர், எருமை, தொழுவம், ஓடை என்று புனிதப் பெயர்கள் சரம் சரமாக வரும். அதைத் தொண்டைக்குள்ளேயே சொல்வாராம். பக்கத்தில் நிற்பவருக்கும் சொல் பிரியாது. சத்தமே மந்திரம் என்றால் அவர் ஏன் தொண்டைக்குள் சொல்ல வேண்டும்? லீடு கொஞ்ச நேரம் பேசவில்லை. நெட்வொர்க் போய்விட்டது என்று நினைத்தேன். "சரி, ஒரு அத்தியாயம் செய்து காட்டு" என்றார்.

சொற்கிராமத்தின் மூத்த கிழவருக்குக் குரல் கொடுக்க, வானொலியில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற ஒருவர் வந்தார். பீரோக் கதவு இரண்டையும் திறந்துவைத்து, நடுவில் ரஜாய் தொங்கவிட்டதுதான் என் ஸ்டூடியோ. உள்ளே ஒரு முக்காலி. 'ப' வரும் இடமெல்லாம் காற்று மைக்கில் மோதியது. நான் பாப் ஃபில்டரைத் தேடுவதற்குள் அவரே முகத்தை லேசாகத் திருப்பிப் பேசிச் சரிசெய்துவிட்டார். முப்பது வருஷப் பழக்கம் என்றார்.

ஐந்தாம் அத்தியாயம், நாற்பத்தோராவது வரி. "மழை வரும் போலிருக்கிறது, உள்ளே வா" என்று கிழவர் சீடனைக் கூப்பிட வேண்டும். சார் தாளைப் பார்த்தபடி சும்மா உட்கார்ந்திருந்தார்.

"என்ன சார், எழுத்து சின்னதா இருக்கா?"

"அதில்ல தம்பி. இந்தக் கிழவன் ரெண்டாம் அத்தியாயத்துல மழையைச் சொல்லித்தானே பஞ்சத்தைத் தீர்த்தான்? இப்ப அந்தச் சொல்லு இவன்கிட்ட ஏது?"

எனக்குக் காது சூடாகிவிட்டது. விதியை உண்டாக்கியது நான். அதற்காக ஒரு மாதம் சண்டை போட்டதும் நான். அந்த வரியை மூன்று தடவை திருத்தியிருக்கிறேன். கம்பெனியில் இரண்டு பேர் பார்த்து டிக் அடித்திருக்கிறார்கள்.

"மாத்தி எழுதித் தரேன் சார், பத்து நிமிஷம்."

"இருங்க. ரெக்கார்ட் ஓடட்டும்."

ஹெட்ஃபோனில் அவர் மூச்சு மட்டும் கேட்டது. எதையோ சொல்ல வாயெடுத்து, உதடு 'ம' வரைக்கும் கூடி, அங்கேயே நின்றுபோனது. அந்த ஒட்டின உதடு பிரிகிற சின்ன ஓசைகூட விழுந்தது. பிறகு, "அது… வருதுடா. உள்ள வா" என்றார். வீட்டுச் சாவி தொலைத்தவர் குரல் மாதிரி இருந்தது. அதற்குள் கூரையில் நிஜமாகவே நாலு சொட்டு தட்டிவிட்டது. வேறு நாளென்றால் டேக் வீண் என்று தலையில் அடித்துக்கொண்டிருப்பேன். அன்று எதையும் வெட்டவில்லை.

நீளம் அதிகம் என்று பின்னால் அந்த அத்தியாயத்தையே எடுத்துவிட்டார்கள். அது தனிப் புலம்பல்.

வேலை முடிந்து, இஞ்சி தட்டிப் போட்ட டீயைக் குடித்துவிட்டு சார் குடையை எடுத்தார். இன்னும் கொஞ்ச நேரம் உட்காரச் சொன்னேன். வாசலில் நின்று, விரலால் மேலே காட்டினார்.

"இல்ல தம்பி, கிளம்பறேன். அது நிக்கிற மாதிரி தெரியல."