பெஸ் 6-இல் பிரான்ஸ் 98: முதலில் இடம், பிறகு ஜெர்சி

பெஸ் 6 (ப்ரோ எவல்யூஷன் சாக்கர் 6) கால்பந்து கேமுக்கு உலகக் கோப்பை மாட், அதாவது ரசிகர்கள் செய்யும் மாற்றுப் பதிப்பு, செய்வதென்றால் பிரான்ஸில் நடந்த 1998-ஐ எடுங்கள். கேமின் உலகப் போட்டி 32 அணி, 8 பிரிவு என்று ஓடும். 32 அணிகள் முதன்முதலாக ஆடியதும் 98-இல்தான். 1990, 94 இரண்டிலும் 24 அணி, 6 பிரிவு, மூன்றாமிடத்தில் சிறந்த நான்கு அணிகளும் அடுத்த சுற்றுக்கு. அணி, ஆட்டக்காரர் விவரங்கள் சேவ் ஆகும் ஆப்ஷன் ஃபைலை எப்படித் திருத்தினாலும் அந்தக் கணக்கு வராது.

அடுத்தது ஆட்டக்காரர்கள். 32 அணிக்குத் தலா 22 பேர், மொத்தம் 704. கேமில் புதிதாக உருவாக்க 184 இடம்தான். மற்றவர்களை, இருக்கும் ஆட்டக்காரர்கள் மேல்தான் எழுத வேண்டும். இங்கேதான் நிறைய மாட்கள் கெட்டுப்போகின்றன. கிளப்பிலும் தேசிய அணியிலும் ஒருவருக்கு ஒரே பதிவு. இத்தாலி டிஃபெண்டர் மால்டினியின் வேகத்தை 98-க்கு ஏற்றபடி கூட்டினால், மிலானில் 38 வயது மால்டினியும் அதே வேகத்தில் ஓடுவார். கிளப்புகள் கெடக்கூடாது என்றால், யாரும் தொடாத ஒரு சிறு அணியின் ஆட்டக்காரரைப் பெயர் மாற்றி எடுங்கள். யுகோஸ்லாவியாவுக்கு செர்பியா மாண்டினீக்ரோ இருக்கிறது. ஜமைக்கா கிடையாது, ட்ரினிடாடை மாற்றிக்கொள்ளுங்கள்.

இவ்வளவும் 'கோனாமி-வின்32பெஸ்6ஆப்ட்' என்ற அந்த ஒரே ஆப்ஷன் ஃபைலில், டாக்குமெண்ட்ஸுக்குள் கோனாமி ஃபோல்டரில் சேவ் ஆகும். தொடும் முன் ஒரு காப்பி எடுத்து வைத்துவிடுங்கள். திருத்த பெஸ் எடிட்டர் என்ற மென்பொருள் போதும், கணினியில் ஜாவா இருக்க வேண்டும்.

ஜெர்சிக்கு கிட்சர்வர், கேம் ஓடும்போது புது ஜெர்சிப் படங்களை ஏற்றும் துணை மென்பொருள். அதன் ஃபோல்டர் கேம் ஃபோல்டருக்கு உள்ளேயே இருக்கட்டும். கேமை ப்ரோக்ராம் ஃபைல்ஸில் போட்டிருந்தால் விண்டோஸ் எழுத விடாமல் தடுக்கும். வேறு இடத்தில் நிறுவுவதே நல்லது. கிட்சர்வரின் மேப் டெக்ஸ்ட் ஃபைலில் அணி எண், ஒரு கமா, மேற்கோள் குறிக்குள் ஜெர்சி ஃபோல்டர் பெயர். எண் தவறினால் குரோஷியா ஜெர்சியை டென்மார்க் போட்டுக்கொண்டு வரும்.

ஜெர்சிப் படம் 256 நிற இண்டெக்ஸ்ட் பிஎன்ஜி, அதாவது 256 நிறங்களுக்குள் அடங்கும் பிஎன்ஜி படமாக இருக்க வேண்டும். சட்டை, டிரவுசர், சாக்ஸ் மூன்றும் ஒரே படத்தில், அதே 256 நிறங்களைப் பங்கு போட்டுக்கொள்கின்றன. குரோஷியாவின் 98 சட்டையில் வெள்ளை மேல் சிவப்புக் கட்டங்கள் அலையாக நெளியும். நிறம் குறைக்கும்போது டிதரிங் (இல்லாத நிறத்தைப் புள்ளிகள் கலந்து காட்டும் முறை) ஓடினால் கட்டத்தின் ஓரமெல்லாம் புள்ளி புள்ளியாகிவிடும். அதை அணைத்துவிட்டு, துணி மடிப்பு நிழலில் சில நிறங்களைக் குறையுங்கள், ஓரம் கூர்மையாக நிற்கும்.

கேமின் படம், ஒலி எல்லாம் அடுக்கி வைத்திருக்கும் ஏஎஃப்எஸ் ஃபைலுக்குள் நேரடியாக எதையாவது திணிக்கிறீர்களா? உள்ளே ஒவ்வொன்றுக்கும் ஒதுக்கிய இடம் இருக்கிறது. அதை மீறினால் லோடிங்கிலேயே கேம் நின்றுவிடும்.

ஆனால் அதிக நேரம் கொடுக்க வேண்டியது ஸ்டாட்ஸுக்கு, அதாவது ஆட்டக்காரர்களின் திறன் எண்களுக்கு. எல்லோருக்கும் 85 போட்டால் ஜமைக்காவும் பிரேசிலும் ஒரே மாதிரி ஆடும். பிரேசிலின் ரொனால்டோவுக்கு வேகம், டிரிப்ளிங் வேகம் (பந்தோடு ஓடும் வேகம்) இரண்டும் 95-க்கு மேல் போகட்டும். அவரை மார்க் செய்கிற டிஃபெண்டருக்கு 75 தாண்ட வேண்டாம். அந்த இடைவெளி இருந்தால்தான் பந்து அவர் காலுக்கு வந்ததும் 98 தெரியும்.