குவாயாகில் துறைமுகமும் ஃபீதோவும்

வாழைப்பழம் ஏற்றும் கப்பலில் வேலை பார்ப்பவர்களுக்கு ஈக்வடாரின் குவாயாகில் என்றாலே வயிற்றைக் கலக்கும். உலகிலேயே அதிகமாக வாழைப்பழம் ஏற்றுமதி செய்யும் நாடு அது. அந்தப் பழப்பெட்டிகளுக்கு நடுவில் ஒளிந்துகொண்டுதான் கொகெயினும் ஐரோப்பாவின் ஆண்ட்வெர்ப், ராட்டர்டாம் துறைமுகங்களுக்குப் போகிறது. ஒவ்வொரு கண்டெய்னரிலும் சீல் எண்ணைச் சரிபார்ப்போம். இரவில் யாராவது முக்குளித்து வந்து கப்பலின் அடியில் பொட்டலம் கட்டிவிடுவார்களோ என்று தனியாகக் காவல் போடுவோம். சரக்கு சிக்கினால் முதல் சந்தேகம் மாலுமிகள் மேல்தான்.

அதனால்தான் ஃபீதோவைப் பற்றிய செய்திகளை விடாமல் படித்தேன். ஈக்வடாரின் போதைக் கடத்தல் கும்பலான லோஸ் சோனெரோஸின் தலைவன், 34 வருடத் தண்டனைக் கைதி. 2024 ஜனவரி 7 அன்று குவாயாகிலின் ரெஜியோனல் சிறையில் அவனைக் காணவில்லை. இரண்டே நாளில் முகமூடிக்காரர்கள் துப்பாக்கிகளோடு ஒரு தொலைக்காட்சி நிலையத்துக்குள், நேரலை ஓடிக்கொண்டிருக்கும்போதே புகுந்தார்கள். அதிபர் நோபோவா 22 கும்பல்களைப் பயங்கரவாதிகள் என்று அறிவித்து ராணுவத்தை இறக்கினார். கிட்டத்தட்ட ஒன்றரை வருடத் தேடலுக்குப் பிறகு, 2025 ஜூனில், மான்டாவில் ஒரு சொகுசு வீட்டின் தரைக்கு அடியில் இருந்த பதுங்கு அறையில் சிக்கினான். அடுத்த மாதமே அமெரிக்காவுக்கு அனுப்பிவிட்டார்கள்.

சரி, பிடித்தது நல்லதுதான். ஆனால் அவன் வளர்ந்த இடமே சிறைதான் என்பதை யோசித்துப் பாருங்கள். 2011 முதல் உள்ளே இருந்தவன் (நடுவில் 2013இல் ஒருமுறை தப்பி, சில மாதங்களில் பிடிபட்டான்). அங்கிருந்தபடியேதான் கும்பலை நடத்தினான். வார்டுகளைக் கும்பல்கள் பங்கு போட்டுக்கொண்டிருந்தன. 2021 செப்டம்பரில் குவாயாகிலின் லிட்டோரல் சிறையில் நடந்த ஒரே மோதலில் நூற்றுக்கும் மேற்பட்ட கைதிகள் செத்தார்கள்.

ஃபீதோ நாட்டை விட்டுப் போன பிறகாவது அடங்கியதா? 2025 நவம்பரில் மச்சாலா சிறைக் கலவரத்தில் முப்பதுக்கும் மேற்பட்டோர் செத்தார்கள், பெரும்பாலோர் மூச்சுத் திணறி. மச்சாலாவும் வாழைப்பழ ஊர்தான். அந்தச் செய்தியைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை.

இந்தச் சிறைகளில் இருக்கும் எல்லோரும் கடத்தல்காரர்கள் இல்லை. சின்னத் திருட்டு வழக்கில் விசாரணைக்குக் காத்திருப்பவன்கூட படுக்கைக்கும் சாப்பாட்டுக்கும் கும்பலுக்குக் காசு கொடுத்தாக வேண்டும். அந்தக் காசை வெளியிலிருந்து புரட்டி அனுப்புவது அவனுடைய அம்மாவோ மனைவியோதான். ஒரு தலைவனைத் தேட அத்தனை படைகளை அனுப்ப முடிந்த அரசு, இந்த வசூலையும் நிறுத்தியே ஆக வேண்டும்.