அரை நிமிடம் எரிந்த பல்பு

செவ்வாய்ப்பேட்டையில் மோட்டாருக்குக் காயில் கட்டும் கடை வைத்திருக்கும் என்னிடம், மாதம் ஒருவராவது ‘ஃப்ரீ எனர்ஜி’ வீடியோவைக் காட்டி, இதுபோல் செய்து தர முடியுமா என்று கேட்கிறார். மோட்டார் ஒரு கனத்த சக்கரத்தைச் சுழற்ற, சக்கரம் ஆல்டர்னேட்டரைச் சுழற்ற, அதில் வரும் மின்சாரம் மோட்டாரையும் ஓட்டி வீட்டுக்கும் மிஞ்சும் என்பார்கள்.

ஏற்காட்டில் சிறிய காப்பித் தோட்டம் வைத்திருக்கும் என் தாய்மாமா சென்ற ஆண்டு அதைத் தாமே செய்து முடித்தார். மழையில் மரம் விழுந்து கம்பி அறுந்தால், பழத்தோல் நீக்கும் இயந்திரம் நின்று, பறித்த பழம் மூட்டையிலேயே புளித்துவிடும். அந்தக் கவலையில்தான் பழைய ஆயில் இன்ஜினின் 40 கிலோ சக்கரத்தை ஆங்கிள் சட்டத்தில் பூட்டியிருந்தார். அது சுழலும்போது துளியும் ஆடவில்லை. அத்தனை நேர்த்தியான கை. வேகம் பிடித்ததும் இ.பி. லைனைத் துண்டித்தார். 200 வாட் பல்பு எரிந்துகொண்டே இருந்தது. “மாப்ள, அணையல பாரு” என்றார். அரை நிமிடத்துக்குள் இழை சிவந்து மங்கி அணைந்தது.

அந்த அரை நிமிடத்தைக் கண்ணால் கண்டவரிடம் அது பொய் என்று சொன்னால் எடுபடாது. அரை மீட்டர் விட்டமுள்ள அந்தச் சக்கரம் நிமிடத்துக்கு 1440 சுற்று வேகத்தில் ஏறத்தாழ 14,000 ஜூல் ஆற்றலைத் தேக்கி வைத்திருக்கும். அவ்வளவும் வீணாகாமல் பல்புக்கே போனாலும் எழுபது நொடிதான். அதுவும் சற்று முன்பு மீட்டர் ஓடி வாங்கிய கரண்ட். மோட்டார் 85, ஆல்டர்னேட்டர் 80 சதவீதத் திறன் கொண்டவை என்றாலும், நூறு கொடுத்தால் 68 தான் திரும்பும். பெல்ட்டும் பேரிங்கும் அதிலும் பங்கு கேட்கும்.

இந்த ஆசை இன்று நேற்று வந்ததன்று. 1150ஐ ஒட்டி எழுதப்பட்ட சித்தாந்த சிரோமணி என்ற வானியல் நூலிலேயே, ஆரக்கால்களில் பாதரசம் அடைத்த சக்கரம் தானே சுழலும் என்கிறார் கணித அறிஞர் பாஸ்கரர். 1775இல் பாரிஸ் அறிவியல் கழகம், நிரந்தர இயக்கப் பொறிகளை இனி ஆராய மாட்டோம் என அறிவித்தபோது, இம்முயற்சியில் குடும்பங்கள் அழிந்ததையும், நல்ல கைவினைஞர்கள் பொருளையும் காலத்தையும் அறிவையும் தொலைத்ததையும் காரணமாகச் சொன்னது. மாமாவின் வெல்டிங்கைப் பார்த்தபோது எனக்கு நெஞ்சில் தைத்ததும் அதுதான்.

அந்தச் சட்டத்தில் இப்போது டீசல் இன்ஜின் அமர்ந்து, அதே ஆல்டர்னேட்டரை ஓட்டுகிறது. இந்தப் பருவத்தில் ஒரு மூட்டைப் பழமும் புளிக்கவில்லை. ஆனாலும் போன வாரம் போனில், காந்தம் வைத்துப் பார்க்கலாமா என்று கேட்டார். வாட் மீட்டரை எடுத்துக்கொண்டு ஞாயிறன்று வருவதாகச் சொல்லியிருக்கிறேன்.