லுவாரும் வியெனும் கூடும் ஊர்

காந்த்-சேன்-மார்த்தேனில் வீடு பார்த்திருக்கிறோம் என்றதும் பாரீசில் இருக்கும் சித்தி கேட்டது, "அங்க மனுஷங்க இருக்காங்களா?" இருக்கிறார்கள், ஏறக்குறைய இருநூறு பேர். என் கணவருக்கு ஷினோன் அணுமின் நிலையத்தில் வேலை கிடைத்ததால் வந்தோம். ரயில் கிடையாது. கார் ஓட்டத் தெரியாவிட்டால் இங்கே பிழைப்பு கஷ்டம்.

ஊர் இருப்பது வியென் ஆறு லுவாரில் கலக்கும் இடத்தில். பவானி கூடுதுறையைப் பார்த்தவர்களுக்கு விளக்கம் தேவையில்லை. குன்றின் மேலேறி நின்றால் இரண்டு ஆறும் சேருவது முழுசாகத் தெரியும். லுவார் ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல் ஓடும், பிரான்சின் மிக நீளமான ஆறு. ஆனாலும் கோடையில் பாதி மணல்தான். நடுவிலுள்ள திட்டுகளில் ஆலாப் பறவைகள் முட்டையிடும் காலத்தில் யாரும் கால் வைக்கக்கூடாது. கிழக்கே அடிவானத்தில் அணுமின் நிலையத்தின் நீராவி. இந்தப் பள்ளத்தாக்கின் கோட்டைக் காட்சி கெடக்கூடாது என்று அதன் குளிர்விப்புக் கோபுரங்களை 28 மீட்டர் உயரத்தோடு நிறுத்திவிட்டார்களாம்.

பெயரிலுள்ள சேன் மார்த்தேன், தூர் நகரத்தின் ஆயர். பட்டாளத்தில் இருந்தபோது குளிரில் நடுங்கிய பிச்சைக்காரனுக்குத் தன் மேலங்கியை வெட்டிக் கொடுத்தாரே, அவரேதான். 397 நவம்பரில், இங்கிருந்த குருக்களின் சண்டையைத் தீர்க்க வந்த இடத்தில் இறந்துபோனார். உடனே உடலுக்குப் போட்டி. "எங்க மடத்துத் துறவி" என்று புவாத்தியே நகரத்துக்காரர்கள். "எங்க ஆயர்" என்று தூர்க்காரர்கள். ராத்திரி புவாத்தியே ஆட்கள் அசந்து தூங்கிவிட, தூர் ஆட்கள் உடலை ஜன்னல் வழியாக இறக்கிப் படகில் ஏற்றி, வியென் வழியாக லுவாருக்கு வந்து, எதிர்நீரோட்டத்தில் ஊர் கொண்டுபோய்ச் சேர்த்துவிட்டார்கள். ஆறாம் நூற்றாண்டில் கிரிகோரி எழுதிவைத்த கதை இது. அவரும் தூரின் ஆயர்தான் என்பதைக் கொஞ்சம் ஞாபகத்தில் வைத்துக்கொண்டு படிக்க வேண்டும்! படகு போன கரையெல்லாம் நவம்பரில் பூ பூத்ததாம். அந்த மாதத்தில் நாலு நாள் வெயில் அடித்தால் இன்றும் 'சேன் மார்த்தேன் கோடை' என்கிறார்கள். அவர் இறந்ததாகச் சொல்லும் இடத்தில்தான் இப்போதைய பெரிய கோவில் நிற்கிறது. கோட்டைபோல அரண் வைத்த கோவில். வாசல் மண்டபத்தின் கூரையை நடுவில் ஒரே ஒரு ஒல்லித் தூண் தாங்குகிறது.

கோவிலும் எங்கள் வீடும் ஒரே கல், துஃபோ. வெண்மஞ்சள் சுண்ணாம்புக்கல், நகத்தால் கீறினால் மாவாக உதிரும். குன்றைக் குடைந்து வெட்டியெடுத்துப் படகில் அனுப்பினார்கள். கல் எடுத்த குகைகளில் பிறகு காளான் வளர்த்தார்கள். சுவரில் ஆணி நிற்காது. சிமெண்ட் பூசினால் ஈரம் உள்ளேயே தங்கிக் கல் அரித்துவிடும், சுண்ணாம்புக் காரைதான் பூச வேண்டும். பக்கத்தில் பாதுகாக்கப்பட்ட கோவில் இருப்பதால் ஜன்னல் கதவுக்கு வர்ணம் மாற்றக்கூட மேரியில், அதாவது ஊராட்சி அலுவலகத்தில், விண்ணப்பம் போடவேண்டும். தமிழ்ச் சேனலுக்கு டிஷ் வைக்கும் ஆசையை அதோடு விட்டுவிட்டோம்.

தெருவோடு நடந்தால் இடைவெளியே இல்லாமல் மோன்சொரோ வந்துவிடும். அங்கே மாவட்டம் மட்டுமல்ல, மண்டலமே வேறு. சந்தைக்குப் போவதென்றால் பக்கத்திலிருக்கும் சோமூர், அரசாங்கக் காகித வேலைக்கு ஐம்பது கிலோமீட்டருக்கு மேல் தள்ளி தூர். இதில் லாஜிக் தேடக்கூடாது.

பழகுவதற்கு நேரமெடுக்கும் ஜனங்கள்தான். 'போன்ழூர்' தவறாமல் வரும், அதற்குமேல் பேச்சு நீளாது. குளிர்காலத்தில் தண்ணீர் ஏறும்போதுதான் வாய் திறக்கும். 1846, 1856, 1866 என்று பத்துப் பத்து வருஷத்தில் மூன்று பெருவெள்ளம் பார்த்த ஆறு இது. இப்போது அரசின் விஜிக்ரூ தளத்தில் பச்சை, மஞ்சள், ஆரஞ்சு, சிவப்பு என்று எச்சரிக்கை வருகிறது. ஆனாலும் எல்லோரும் நேரில் கரைக்கு வந்து நின்று பார்ப்பார்கள். அப்படி நின்றபோதுதான் பக்கத்து வீட்டு அம்மா என்னிடம் முதன்முதலாக நீளமாகப் பேசினார். லுவார் பொங்கி நின்றால் வியென் வடிய வழியில்லாமல் பின்வாங்கும், அதனால் இங்கே மழையே பெய்யாமலும் தண்ணீர் ஏறும் என்று கையால் காட்டி விளக்கினார். பிறகு எங்கள் கீழறையை எட்டிப் பார்த்துவிட்டு, இருபது கிலோ அரிசி மூட்டையை மாடிக்குத் தூக்கச் சொன்னார்.