பாதுகாப்பு கேட்டு ஹைகோர்ட் போனோம்: சி.எஸ்.ஆர். வாங்காமல் திரும்பாதீர்கள்

சாதி மாறிக் கல்யாணம் செய்துகொண்டு, மிரட்டலுக்குப் பயந்து காவல் நிலையம் போகிறவர்கள் மனுவைக் கொடுத்துவிட்டுச் சும்மா வராதீர்கள். மனு வாங்கிப் பதிவு செய்ததற்கு நிலையத்தில் தரும் சி.எஸ்.ஆர். ரசீதைக் கேளுங்கள். எங்களுக்குத் தரவில்லை. அதனால் பட்ட பாடுதான் இது.

சுயமரியாதைத் திருமணம், பதிவு எல்லாம் சிக்கலில்லாமல் முடிந்தது. வக்கீல் நண்பர் நடத்தி வைத்தால் செல்லாது என்று யாராவது பயமுறுத்தினால், செல்லும் என்று 2023-ல் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது.

பிரச்சினை மகளிர் காவல் நிலையத்தில்தான். பெரியப்பா மகன் அனுப்பிய வாய்ஸ் மெசேஜைப் போட்டுக் காட்டினேன். இன்ஸ்பெக்டர் முழுதாகக்கூடக் கேட்கவில்லை. "ரெண்டு வீட்டையும் கூப்பிட்டுப் பேசிடலாம்மா, எதுக்குக் கோர்ட்டு கேசுன்னு" என்றபடியே அப்பாவுக்குப் போன் போட்டார். யாருக்குப் பயந்து வந்தோமோ அவர்களிடமே நாங்கள் உட்கார்ந்திருக்கும் இடத்தைச் சொல்லியாயிற்று! கொஞ்ச நேரத்தில் வாசலில் இரண்டு வண்டி ஆட்கள்.

அம்மா அழுதார். போட்டிருந்த நகையைக் கழற்றச் சொன்னார்கள், கழற்றிக் கொடுத்தேன். அடுத்து ஒரு வெள்ளைத்தாள் வந்தது. "அப்பா சொத்துல பங்கு கேக்க மாட்டேன்னு எழுதிக் குடுத்துரும்மா, பிரச்சினை முடிஞ்சிரும்." எழுதித் தரவில்லை. மகளுக்கும் பூர்வீகச் சொத்தில் சம பங்கு என்று தமிழ்நாட்டில் 1989-லேயே சட்டம் வந்துவிட்டது. உயிருக்குப் பாதுகாப்பு கேட்டு வந்தவளிடம் அதை எழுதி வாங்க இவர்கள் யார்? ஆணவக் கொலைகள் பற்றிய சக்தி வாஹினி வழக்கில், இப்படிப்பட்ட ஜோடிகளுக்காக மாவட்டந்தோறும் தனிப்பிரிவு வைக்க 2018-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறதே மேடம் என்று கேட்டேன். "அதெல்லாம் இங்க இல்ல." பின்பக்கமாக எங்களை ஆட்டோ ஏற்றிவிட்ட ஏட்டம்மாவுக்கு மட்டும் நன்றி.

ரசீது கிடைக்கவில்லை என்றதும் வக்கீல் அதே மனுவை எஸ்.பி. அலுவலகத்துக்கும் அந்த நிலையத்துக்கும் ஒப்புகை அட்டையோடு தபாலில் அனுப்பச் சொன்னார். போலீஸிடம் போனீர்களா, என்ன செய்தார்கள் என்பதுதான் ஹைகோர்ட்டில் முதல் கேள்வி. தபால் ரசீதும், போய்ச் சேர்ந்ததைக் காட்டும் டிராக்கிங் பிரின்ட்டும்தான் எங்களுக்குப் பதில். பத்தாம் வகுப்பு மார்க் ஷீட் அப்பாவின் பீரோவில் மாட்டிக்கொண்டது, டிஜிலாக்கர் காப்பாற்றியது. வீட்டை விட்டுக் கிளம்பும் முன்பே வயதுச் சான்றை இறக்கி வைத்துக்கொள்ளுங்கள்.

இன்னொன்று, ரொம்ப முக்கியம். அப்பாவை எதிர்மனுதாரராகச் சேர்த்தால் மனுவின் நகல் அவருக்கும் போகும். ஒளிந்திருக்கும் வீட்டு முகவரியை அதில் எழுதிவிடாதீர்கள். எங்கள் மனுவில் ஆதார் முகவரிதான் இருந்தது.

ஹைகோர்ட்டின் மதுரைக் கிளையில் அரசு வக்கீல் எழுந்து, பெண்ணைக் காணவில்லை என்று அப்பா கொடுத்த புகாரில் ஏற்கெனவே எஃப்.ஐ.ஆர். இருப்பதாகச் சொன்னார். எங்களுக்கு அது அங்கேதான் தெரியும். நல்லவேளை, நான் நேரில் போயிருந்தேன். நீதிபதி வயதைக் கேட்டார், யாரோடு போக விருப்பம் என்று கேட்டார், அவ்வளவுதான். அச்சுறுத்தலை விசாரித்துத் தேவையான பாதுகாப்பு தரும்படி உத்தரவு.

வாசலில் துப்பாக்கியோடு ஒருவர் நிற்பார் என்று என் மாமியார் நினைத்துக்கொண்டிருந்தார். நடைமுறையில் கிடைப்பது ரோந்துக் காவலர், கூப்பிட ஒரு போன் நம்பர், எதிர்த்தரப்பை அழைத்து எச்சரிக்கை.

அதற்கும் அலைச்சல் உண்டு. உத்தரவின் நகலை இணையத்திலிருந்து எடுத்து நிலையத்துக்குக் கொண்டுபோனால் "ஒரிஜினல் எங்க?" என்றார்கள். கோர்ட்டில் சான்றிட்ட நகல் வாங்கி, வக்கீலின் கடிதத்தோடு கொடுத்து, இன்னொரு பிரதியில் கையெழுத்தும் சீலும் வாங்கினோம். முன்பு ரசீது தர மாட்டேன் என்ற அதே மேஜையில் அந்தச் சீல் விழுந்தபோது வந்த சந்தோஷம் எனக்குத்தான் தெரியும்.

வேலைக்காக ஊர் மாறும் யோசனை இருந்தால் முன்பே வக்கீலிடம் சொல்லிவிடுங்கள். உத்தரவு பழைய நிலையத்தின் பெயரில் மட்டும் இருந்தால் புது ஊரில் "எங்க லிமிட் இல்ல" என்பார்கள். எங்களிடம் அப்படித்தான் சொன்னார்கள். எதிர்மனுதாரர்களில் எஸ்.பி.யும் இருந்ததால் அவர் அலுவலகத்துக்கு மறுபடி எழுதி, அங்கிருந்து கடிதம் போனபிறகுதான் இங்கே ரோந்து ஆரம்பித்தது. முதலில் தினமும் வந்து நோட்டில் கையெழுத்துப் போட்டார்கள். இப்போது வாரக்கணக்கில் ஆளைக் காணோம், நாளைக்குப் போய்க் கேட்க வேண்டும்.